'தக்' என்ற சொல் நாவலான கதை

யாராவது ஒருவர் எதிராளியை ஒரே பதிலில் வாயடைத்தால் வீடியோ அப்படியே நிற்கும். மேலிருந்து ஒரு கறுப்புக் கண்ணாடி இறங்கி அவர் மூக்கில் உட்காரும். பின்னால் ஒரு பீட் ஓடும். தக் லைஃப்! தமிழ் இணையத்தில் பாட்டிகள் முதல் பால்வாடிக் குழந்தைகள் வரை இந்தப் பட்டம் வாங்காதவர்கள் இல்லை. இந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் ராப் பாட்டிலிருந்து என்று பலர் சொல்வார்கள். அது சரிதான். ஆனால் அதற்கு முன்னால் அந்தச் சொல் இந்தியாவிலிருந்துதான் கப்பலேறியது. இந்தியில் 'டக்' என்றால் ஏமாற்றுக்காரன். 1830-களில் வில்லியம் ஸ்லீமன் தலைமையில் ஆங்கிலேயர்கள் வழிப்பறிக் கூட்டங்களை வேட்டையாடியபோது அது ஆங்கிலத்துக்குள் போனது. 1839-இல் இந்தக் கூட்டத்தைப் பற்றி ஒரு ஆங்கில நாவலே வந்து பரபரப்பாக விற்றது. அப்புறம் அமெரிக்காவில் ரவுடியைக் குறிக்கும் சொல்லாகி, போலீஸ் வாயிலும் பத்திரிகைத் தலைப்பிலும் புழங்கி, கடைசியில் கறுப்பின இளைஞர்கள் மேல் போய் ஒட்டிக்கொண்டது.

அந்தச் சொல்லை டூபாக் ஷகூர் என்ற ராப்பர் பிடித்துத் திருப்பினார். அவர் இறந்து இருபது ஆண்டு கழித்து, அந்தத் திருப்பத்திலிருந்து ஒரு நாவல் பிறந்தது. ஆஞ்சி தாமஸ் எழுதி 2017 பிப்ரவரியில் வெளிவந்த 'தி ஹேட் யூ கிவ்'. ஹிப்-ஹாப் இலக்கியத்துக்கு என்ன செய்தது என்று கேட்டால், தெருவின் கதைகளை உள்ளே கொண்டுவந்தது என்றுதான் வழக்கமாகப் பதில் வரும். தெருவின் கதைகள் ராப் பிறப்பதற்கு முன்பே அமெரிக்க நாவலில் இருந்தன. ரிச்சர்ட் ரைட் 1940-லேயே சிகாகோவின் ஒண்டுக்குடித்தன வீட்டை நாவலுக்குள் கொண்டுவந்துவிட்டார். ஹிப்-ஹாப் கொடுத்தது ஒரு தொழில்முறை என்பது என் எண்ணம். இன்னொருவருடைய சொல்லை எடு, எடுத்த இடத்தை மறைக்காதே, அதை வேறு தாளத்தில் ஓடவிட்டு வேறு பொருள் சொல்ல வை. இந்த ஒரு நாவலைப் பிரித்துப் பார்த்தால் அந்த முறை எப்படி வேலை செய்கிறது என்பது தெரியும்.

நோட்டுப் புத்தகம்

டூபாக் 1971 ஜூனில் நியூயார்க்கில் பிறந்தார். அம்மா அஃபெனி ஷகூர், கறுப்பின உரிமைக்காகப் போராடிய பிளாக் பேந்தர் கட்சிக்காரர். வயிற்றில் பிள்ளையோடு சிறையில் இருந்து, வழக்கில் விடுதலையாகி ஒரு மாதத்தில் பெற்றெடுத்தார். பையன் பால்ட்டிமோர் கலைப் பள்ளியில் நடிப்பு, கவிதை, பாலே எல்லாம் படித்தான். 1988-இல் குடும்பம் கலிபோர்னியாவின் மரின் சிட்டிக்குக் குடிபெயர்ந்தது. அங்கே லைலா ஸ்டைன்பர்க் நடத்திய எழுத்து வட்டத்தில் சேர்ந்து, 1989-க்கும் 1991-க்கும் இடையில் கவிதைகளாக எழுதித் தள்ளினான். முதல் ஆல்பம் வருவதற்கு முந்தைய டூபாக் இவர். 1996 செப்டம்பரில் லாஸ் வேகாசில் சுடப்பட்டு 25 வயதில் இறந்தபோது உலகத்துக்குத் தெரிந்த டூபாக் வேறு. ஸ்டைன்பர்க் பத்திரப்படுத்தி வைத்திருந்த அந்தக் கவிதைகள் 1999-இல்தான் புத்தகமாயின. காங்கிரீட் வெடிப்பில் முளைத்த ரோஜா என்று பொருள்படும் பெயர்.

அந்தப் புத்தகத்தைக் கையில் எடுத்தால் முதலில் கண்ணில் படுவது கையெழுத்து. ஒவ்வொரு கவிதைக்கும் அவர் எழுதிய தாளின் நகல் ஒரு பக்கம், அச்செழுத்து எதிர்ப்பக்கம். அடித்தது திருத்தியது எல்லாம் அப்படியே இருக்கிறது. ஆங்கிலத்தில் 'நான்' என்பதற்கு 'ஐ' என்ற ஒற்றை எழுத்து வர வேண்டிய இடத்தில் அவர் எழுத்துப் போடவில்லை, ஒரு கண்ணை வரைந்திருக்கிறார். கண்ணுக்கும் 'நான்' என்பதற்கும் ஆங்கிலத்தில் ஒரே உச்சரிப்பு. 'டூ' வரும் இடத்தில் 2, 'ஃபார்' வரும் இடத்தில் 4. 'நீ' என்று பொருள்படும் 'யூ' மூன்று எழுத்துக்குப் பதில் ஒரே எழுத்து. எஸ்.எம்.எஸ். சுருக்கம் வருவதற்கு ரொம்ப முன்னால் இது. பிரின்ஸ் என்ற பாடகர் தன் பாட்டுத் தலைப்புகளில் ஏற்கெனவே செய்து காட்டிய எழுத்துமுறையைப் பையன் எடுத்துக்கொண்டிருக்கிறான். சிலேடை நமக்குப் பழக்கமானது என்பதால் தமிழ் வாசகருக்கு இந்த விளையாட்டு உடனே பிடிபடும். ஒலி ஒன்று, பொருள் இரண்டு, கண்ணுக்கு மூன்றாவதாக ஒரு படம்.

சில வருஷம் கழித்து அவர் வயிற்றில் 'தக் லைஃப்' என்று பெரிதாகப் பச்சை குத்திக்கொண்டார். அதிலும் அந்த 'ஐ' எழுத்து இல்லை. அதன் இடத்தில் ஒரு துப்பாக்கி ரவை. நோட்டில் கண்ணாக இருந்த எழுத்து உடம்பில் ரவையாகிவிட்டது. இந்த இரண்டு படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு கனக்கிறது. ஒரு கவிஞனுக்குச் சில ஆண்டில் என்ன நடந்தது என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது.

அந்தப் பச்சைக்கு அவர் ஒரு விளக்கமும் சொன்னார். 'தக் லைஃப்' என்பதன் ஒவ்வொரு ஆங்கில எழுத்தையும் ஒரு சொல்லின் முதல் எழுத்தாக விரித்தால் ஒரு வாக்கியம் கிடைக்கும். பச்சைக் குழந்தைகளுக்கு நீங்கள் ஊட்டும் வெறுப்பு கடைசியில் எல்லோரையும் நாசமாக்கும் என்பது அதன் பொருள். மூலத்தில் 'நாசமாக்கும்' என்ற இடத்தில் ஒரு கெட்ட வார்த்தை. உன்னை ரவுடி என்கிறவனிடம், அந்த ரவுடியை வளர்த்தது யார் என்று அவன் சொல்லையே திருப்பிக் கேட்பது. 1960-களின் கறுப்புக் கலை இயக்கத்தில் வளர்ந்த கவிஞர் நிக்கி ஜியோவானிக்கு இது சட்டென்று புரிந்திருக்கிறது. டூபாக் இறந்த பிறகு அவர் அதே சொல்லைத் தன் முன்கையில் பச்சை குத்திக்கொண்டார். டூபாக்கின் கவிதைத் தொகுப்புக்கு அணிந்துரை எழுதியவரும் அவர்தான்.

ஜாக்சனில் ஒரு பெண்

ஆஞ்சி தாமஸ் 1988-இல் மிசிசிப்பி மாநிலத்தின் ஜாக்சன் நகரில் பிறந்தார். ஆறு வயதில் பூங்காவில் விளையாடப் போன இடத்தில் துப்பாக்கிச் சண்டையை நேரில் பார்த்தார். மறுநாள் அம்மா அவரை நூலகத்துக்குக் கூட்டிப் போனார். உலகத்தில் இதைத் தவிர வேறும் இருக்கிறது என்று மகளுக்குக் காட்ட. பதின்ம வயதில் அவர் எழுதிப் பார்த்தது ராப். படித்தது வீட்டிலிருந்து பத்து நிமிடத் தூரத்தில் இருந்த பெல்ஹேவன் பல்கலைக்கழகத்தில், பெரும்பாலும் வெள்ளைக்கார மாணவர்கள் நடுவில். வீட்டிலிருந்து கிளம்பும்போது காரில் டூபாக் ஓடும், வளாகத்துக்குள் நுழைவதற்குள் ஜோனாஸ் பிரதர்ஸ் என்ற வெள்ளைக்கார பாப் குழுவுக்கு மாறிவிடும் என்று பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அந்தப் பத்து நிமிடம்தான் பின்னால் நாவலின் உடம்பாக ஆனது.

2009 புத்தாண்டு அன்று கலிபோர்னியாவின் ஓக்லாண்டில் ஃப்ரூட்வேல் ரயில் நிலையத்தில் ஆஸ்கர் கிரான்ட் என்ற 22 வயது கறுப்பின இளைஞர், நடைமேடையில் குப்புறக் கிடந்த நிலையில், ரயில்வே போலீஸ்காரர் ஒருவரால் சுட்டுக் கொல்லப்பட்டார். கையில் ஆயுதம் இல்லை. வீட்டுப் பக்கத்தில் அந்தப் பையனை நம்ம பையன் என்று அழுதார்கள். கல்லூரியில் சிலர், அவன் முன்பே ஜெயிலுக்குப் போனவன்தானே என்றார்கள். இரண்டு பேச்சையும் ஒரே நாளில் கேட்க வேண்டியிருந்த மாணவி இறுதியாண்டு வேலையாக ஒரு சிறுகதை எழுதினார். எழுதி மூடி வைத்தார். அப்புறம் 2012-இல் டிரேவோன் மார்ட்டின், 2014-இல் மைக்கேல் பிரவுன், டமீர் ரைஸ் என்று கறுப்பினப் பிள்ளைகள் அடுத்தடுத்துச் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். சிறுகதை நாவலாக நீண்டது. 2016-இல் பதிப்பகங்கள் ஏலத்தில் மோதின. 13 பதிப்பகங்கள். ஒரு முதல் நாவலுக்கு இது அபூர்வம். விருதுகள், 2018-இல் திரைப்படம், விற்பனைப் பட்டியலில் முதலிடம் எல்லாம் வந்தன. அவற்றில் எனக்கு அவ்வளவு ஆர்வமில்லை. எழுத்தைப் பார்ப்போம்.

சாம்பிள் எப்படி நாவலாகிறது

1973 ஆகஸ்ட் 11 அன்று பிராங்ஸில் 1520 செட்ஜ்விக் அவென்யூ கட்டடத்தில் டிஜே கூல் ஹெர்க் நடத்திய பார்ட்டியிலிருந்துதான் ஹிப்-ஹாப்பின் வயதை எண்ணுவது வழக்கம். பாட்டில் பாடகர் நின்று டிரம்ஸ் மட்டும் தனியாக ஒலிக்கும் சில விநாடிகள் வரும். மக்கள் அந்த இடத்துக்குத்தான் ஆடினார்கள். ஹெர்க் இசைத்தட்டைச் சுழற்றும் டர்ன்டேபிள் இரண்டை வைத்து அந்தச் சில விநாடிகளை நிமிடக் கணக்கில் நீட்டினார். மற்றவர்கள் கடந்து போகிற துண்டில் ஒரு முழுப் பாட்டு ஒளிந்திருக்கிறது என்று காது சொல்ல வேண்டும். அதுதான் அடிப்படை.

தாமஸ் செய்ததும் அதுவே. டூபாக்கின் அந்த நீண்ட விரிப்பில் முதல் நான்கு சொற்களை மட்டும் வெட்டி எடுத்துத் தலைப்பாக வைத்தார். அந்த நான்கு சொல்லின் முதல் எழுத்துகளைச் சேர்த்தால் 'தக்'. பழைய நோட்டுப் புத்தகத்தில் இருந்த ஒற்றை எழுத்து 'யூ' அப்படியே அட்டைக்கு வந்துவிட்டது. இலக்கணம் தெரிந்த ஆசிரியர் சிவப்பு மையால் சுழிக்கிற எழுத்து அது. தாமஸ் அதைத் திருத்தவில்லை. திருத்தியிருந்தால் எடுத்த இடம் மறைந்துபோயிருக்கும். முக்கியமாக, வாக்கியத்தைப் பாதியில் நிறுத்தினார். நீங்கள் ஊட்டும் வெறுப்பு என்று சொல்லிவிட்டு, அதன் விளைவைத் தலைப்பில் சொல்லவில்லை. மீதி வாக்கியத்தை நாவல் முடிக்க வேண்டும்.

முதல் அத்தியாயத்தில் ஸ்டார் கார்ட்டர் என்ற 16 வயதுப் பெண் ஒரு பார்ட்டிக்குப் போகிறாள். துப்பாக்கிச் சத்தம் கேட்டு எல்லோரும் ஓட, சின்ன வயது சிநேகிதன் கலீல் அவளைக் காரில் ஏற்றிக்கொள்கிறான். காரில் டூபாக் பாட்டு. இன்னமும் இதையா கேட்கிறாய் என்று அவள் சீண்ட, அவன் 'தக் லைஃப்' விரிப்பை எழுத்தெழுத்தாகச் சொல்லிக்கொடுக்கிறான். கொஞ்ச நேரத்தில் போலீஸ் காரை நிறுத்துகிறது. பின்விளக்கு எரியவில்லையாம். கலீலை வெளியே இறக்கி, அசையாமல் நில் என்று சொல்லிவிட்டு போலீஸ்காரர் தன் காருக்குப் போகிறார். பயந்து உட்கார்ந்திருக்கும் ஸ்டாரிடம் நீ நல்லாயிருக்கியா என்று கேட்க கலீல் கார் கதவைத் திறக்கிறான். போலீஸ்காரர் மூன்று தடவை சுடுகிறார். கதவுப் பக்கம் இருந்தது தலை வாரும் பிரஷ்.

இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். விளக்கம் முதலில் வருகிறது, சாவு பின்னால் வருகிறது. அதற்குப் பின் டிவி கலீலை 'தக்' என்றுதான் சொல்லும். ஆனால் வாசகர் அந்தச் சொல்லின் இன்னொரு பொருளை, சொன்ன பையன் வாயாலேயே, அவன் உயிரோடு இருக்கும்போதே கேட்டுவிட்டார். இனி நாவல் முழுக்க அந்தச் சொல் வரும் இடமெல்லாம் அடியில் டூபாக்கின் பீட் ஓடிக்கொண்டே இருக்கும். சாம்பிள் என்பது இதுதான். மேலே புதுக் குரல், அடியில் பழைய தட்டு, இரண்டும் சேர்ந்து கேட்கும். தாமஸ் இந்த நாவலை எழுதிக்கொண்டிருந்த காலத்தில்தான், 2015 ஏப்ரலில், போலீஸ் காவலில் காயம்பட்ட ஃபிரெடி கிரே இறந்த பிறகு பால்ட்டிமோரில் கலவரம் வெடித்தது. கலவரம் செய்தவர்களை அந்த நகர மேயர் 'தக்' என்றார், அதிபர் ஒபாமாவும் அதே சொல்லைச் சொன்னார். டூபாக் கவிதை படித்த ஊர் அது.

மொழியும் இரண்டாகப் பிளந்து கிடக்கிறது. கார்டன் ஹைட்ஸ் என்ற தன் பகுதியில் ஸ்டார் ஒரு ஆங்கிலம் பேசுகிறாள், வில்லியம்சன் என்ற தனியார் பள்ளியில் வேறொரு ஆங்கிலம். பள்ளியில் வெள்ளைக்காரப் பிள்ளைகள் ராப்பில் வரும் கொச்சையைப் பேசினால் அது ஸ்டைல், அதே சொல்லை அவள் பேசினால் சேரிப் பெண் என்று முத்திரை விழும். அதனால் அவள் அங்கே கொச்சையைத் தொடுவதே இல்லை. ஊர்ப் பேச்சை வேலைக்கான இன்டர்வியூவில் விழுங்கிப் பழகியவர்களுக்கு இந்த இடம் சுருக்கென்று தைக்கும். கதைசொல்லி ஸ்டாரேதான் என்பதால் நாவலின் நடையே அவள் எங்கே நிற்கிறாள் என்பதைப் பொறுத்து இறுகும், தளரும். பேச்சு வழக்கை உரையாடலுக்குள் மட்டும் அடைத்துவைத்துக் கதைசொல்லல் சுத்தமான ஆங்கிலத்தில் நடப்பதுதான் பழைய ஏற்பாடு. ராப்பில் அந்தப் பிரிவினை கிடையாது. சொல்பவரும் பேசுபவரும் ஒருவரே.

கடைசிப் பக்கங்களில் கொல்லப்பட்டவர்களின் பெயர்கள் வரிசையாக வருகின்றன. முதல் பெயர்கள் மட்டும். ஆஸ்கர், டிரேவோன், டமீர், சான்ட்ரா, ஃபிரெடி என்று நீண்டு, 1955-இல் கொல்லப்பட்ட எம்மெட் என்ற சிறுவன் வரை. ராப் பாட்டில் போய்ச் சேர்ந்தவர்களைப் பெயர் சொல்லி அழைக்கிற வழக்கம் உண்டு. நாவல் உரைநடையை நிறுத்திவிட்டு அந்த வழக்கத்துக்குள் போய்விடுகிறது. குடும்பப் பெயர் இல்லாமல் அழைப்பதால் அது செய்தியாக ஒலிக்கவில்லை, வாசலில் நின்று பிள்ளைகளைக் கூப்பிடுவதுபோல் இருக்கிறது.

குறையும் சொல்ல வேண்டும். பல இடங்களில் நாவல் தேவைக்கு மேல் விளக்குகிறது. காரில் கலீல் சொன்னதை அப்பா மேவரிக்கும் மகளும் பின்னால் இன்னொரு முறை உட்கார்ந்து பாடம்போல அலசுகிறார்கள். அங்கே பீட் நின்றுவிடுகிறது. நல்ல ராப்பர் ஒரு சிலேடையைப் போட்டுவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவார், பின்னாலேயே வந்து உரை சொல்ல மாட்டார்.

இன்னொன்று அதைவிடக் கனமானது. சொல்லைத் திருப்பிய டூபாக், ஒரு பெண்ணைப் பாலியல் ரீதியாகத் துன்புறுத்திய வழக்கில் 1994 டிசம்பரில் குற்றவாளி என்று தீர்க்கப்பட்டு 1995-இல் சிறையில் இருந்தவர். குழந்தைகளுக்கு ஊட்டப்படும் வெறுப்பைப் பற்றி அவ்வளவு தெளிவாகப் பேசிய வாய் அது. நாவல் இதற்குள் போவதில்லை. போயிருக்கலாம் என்றுதான் நினைக்கிறேன். ஒரு சாம்பிளை எடுக்கும்போது அதோடு ஒட்டி வருவதும் சேர்ந்துதான் வருகிறது.

பாட்டுக்கு வந்த வழக்கு புத்தகத்துக்கும்

2017 கடைசியில் டெக்சாஸின் கேட்டி பள்ளி மாவட்டம் இந்த நாவலை நூலக அலமாரியிலிருந்து எடுத்தது. காரணம் கெட்ட வார்த்தை. 2018-இல் தென் கரோலினாவின் சார்ல்ஸ்டன் பகுதியில் ஒரு பள்ளி கோடை வாசிப்புப் பட்டியலில் இதைச் சேர்த்தபோது, போலீசார் மேல் அவநம்பிக்கையை வளர்க்கிறது என்று அங்குள்ள போலீஸ் சங்கம் எதிர்த்தது. அமெரிக்க நூலகச் சங்கம் ஆண்டுதோறும் வெளியிடும், அதிகம் எதிர்க்கப்பட்ட பத்துப் புத்தகப் பட்டியலில் 2017, 2018, 2020, 2021 ஆகிய ஆண்டுகளில் இது இருந்தது.

இந்தக் குற்றச்சாட்டுகள் ராப்புக்குப் பழையவை. 1992-இல் டெக்சாஸில் நெடுஞ்சாலைப் போலீஸ்காரர் ஒருவரைச் சுட்டுக் கொன்ற இளைஞனுக்காக வாதாடியவர்கள், அவன் டூபாக்கின் முதல் ஆல்பத்தைக் கேட்டதுதான் காரணம் என்றார்கள். ஜூரி அதை ஏற்று அவனை விட்டுவிடவில்லை. ஆனால் துணை அதிபர் டான் குவேல் அந்த ஆல்பத்துக்கு நம் சமூகத்தில் இடமே இல்லை என்று பேசினார். பாட்டில் பேசுபவன் ஒரு பாத்திரம் என்பதை யாரும் ஒப்புக்கொள்ளவில்லை. நாவலாசிரியருக்கு எப்போதும் கிடைக்கிற அந்தச் சலுகை ராப்பருக்குக் கிடைப்பதில்லை. பாட்டில் 'நான்' என்றால் அது ஒப்புதல் வாக்குமூலம். தாமஸ் ராப்பின் குரலை நாவலுக்குள் கொண்டுவந்ததும் ராப்பின் வழக்கும் கூடவே வந்துவிட்டது.

அவர் அதை அடுத்த நாவலின் கதையாகவே ஆக்கினார். 2019-இல் வந்த 'ஆன் தி கம் அப்'. பிரி என்ற 16 வயதுப் பெண் ராப்பர், ஆண்கள் ஆளும் ஒரு மேடையில் போட்டிக்கு நிற்கிறாள். அவள் கோபத்தில் எழுதிய பாட்டைக் கேட்டவர்கள் அவளையே ரவுடிப் பெண்ணாகப் பார்க்கத் தொடங்குகிறார்கள். பழைய பள்ளி, பொற்காலம், புதிய பள்ளி என்று ஹிப்-ஹாப் வரலாற்றின் பெயர்களைக் கொண்டு நாவல் மூன்று பாகமாகப் பிரிகிறது. கதைப்பின்னல் முதல் நாவல் அளவுக்குக் கெட்டியில்லை. ஆனால் பிரியின் மண்டைக்குள் வரிகள் உருவாகும் இடங்கள் அருமை. எதிரே நிற்பவன் பேசிக்கொண்டிருக்கும்போதே ஒரு சொல்லைப் பிடிக்கிறாள், அதற்கு எதுகை தேடுகிறாள், நான்கைந்து சொல்லை உருட்டிப் பார்க்கிறாள், ஒன்று விழுகிறது, அதிலிருந்து அடுத்த வரி. வெண்பாவுக்கு ஈற்றடி கொடுத்ததும் ஒரு புலவர் மனதுக்குள் என்ன செய்வார் என்று யோசித்திருக்கிறீர்களா? ஏறக்குறைய இதுதான் நடந்திருக்கும். எழுதும் செயலையே சண்டைக் காட்சியின் வேகத்தில் காட்டிய பதின்ம வயது நாவல் வேறொன்றை நான் படித்ததில்லை. 2022-இல் கலிபோர்னியாவில் ஒரு சட்டம் வந்தது. ராப் வரிகள் போன்ற படைப்புகளைக் குற்ற வழக்கில் சாட்சியமாகக் காட்டுவதற்கு அது கட்டுப்பாடு விதித்தது. பிரியின் நிலைமை எவ்வளவு நிஜம் என்பதற்கு அந்தச் சட்டமே சான்று.

ரோஜா

மூன்றாவது நாவலுக்கு டூபாக்கின் கவிதையிலிருந்தே பெயர், 'கான்கிரீட் ரோஸ்'. 2021 ஜனவரியில் வந்தது. மூன்றிலும் இதுதான் சிறந்தது என்று நினைக்கிறேன். முதல் நாவலில் அப்பாவாக வந்த மேவரிக் இதில் 17 வயதுப் பையன், காலம் 1998. முதலிலிருந்து கடைசி வரை அவன் பேசும் மொழியிலேயே கதை ஓடுகிறது. இங்கே எதையும் விளக்குவதில்லை. கஞ்சா விற்றுக்கொண்டிருந்தவன் கையில் திடீரென்று ஒரு கைக்குழந்தை. தூக்கமில்லாமல் கண்கள் எரிய, பக்கத்து வீட்டு வயட் பெரியவரின் கடையில் வேலைக்குச் சேர்கிறான். அவர் அவனைத் தோட்டத்துக்கும் கூட்டிப் போய் ரோஜாச் செடியைக் கவாத்து பண்ணச் சொல்லிக்கொடுக்கிறார். எதை வைப்பது, எதை வெட்டுவது என்று. முதல் நாவலைப் படித்தவர்களுக்கு மேவரிக் வீட்டுக் கொல்லையில் ரோஜா இருந்தது ஞாபகத்துக்கு வரும். அந்தச் செடிகளை அப்போது யாரும் பெரிதாகக் கவனித்திருக்க மாட்டோம்.

அந்தப் பையன் டூபாக் ரசிகன். பாட்டெல்லாம் அவனுக்கு மனப்பாடம். ஆனால் அவன் கத்தரியோடு ரோஜாச் செடிக்கு முன்னால் நிற்கும் அந்த 1998-இல், காங்கிரீட்டில் முளைத்த ரோஜாவைப் பற்றிய கவிதை இன்னும் அச்சுக்கு வரவில்லை. கண் வரைந்த அந்தத் தாள்களோடு அது கலிபோர்னியாவில் ஒருவரிடம் பத்திரமாக இருந்தது.